டிராகன் பால் இசட்: புதிய ப்ளூ-ரேயைவிடப் பழைய டிவிடி ஏன் மேல்?

டிராகன் பால் இசட் தொடரைச் சொந்தமாக வாங்கி அலமாரியில் வைத்துக்கொள்ள நினைப்பவர் முன்னால் அரை டஜனுக்கும் மேற்பட்ட பதிப்புகள் நிற்கின்றன. ஏறக்குறைய எல்லாவற்றுக்கும் ரீமாஸ்டர் என்ற அடைமொழி உண்டு. வாங்குபவர்கள் பெரும்பாலும் இரண்டே விஷயங்களைத்தான் பார்க்கிறார்கள்: எது புதிது, எதில் ரிசல்யூஷன் அதிகம். செல்போன் வாங்கும்போது கைகொடுக்கும் இந்தக் கணக்கு, பழைய தொடர் ஒன்றின் பதிப்பைத் தேர்ந்தெடுக்கும்போது காலை வாரிவிடும். 1080 வரிகள் கொண்ட 2013-ஆம் ஆண்டின் ப்ளூ-ரேயைவிட, வெறும் 480 வரிகள் கொண்ட 2009-ஆம் ஆண்டின் டிவிடித் தொகுப்பே இந்தத் தொடருக்கு நல்ல பதிப்பு என்பது என் முடிவு. ரிசல்யூஷன் தேவையில்லை என்று நான் சொல்லவில்லை. எத்தனை பிக்சல் என்று கேட்பதற்கு முன், அந்தப் பிக்சல்களுக்குள் ஓவியர்கள் வரைந்த படம் எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்று கேட்க வேண்டும். அந்தக் கேள்வியைக் கேட்டால் பதிப்புகளின் வரிசை தலைகீழாக மாறிவிடுகிறது.

முதலில் மூலப்பொருளைப் பார்த்துவிடலாம். டோயே அனிமேஷன் தயாரித்த இந்தத் தொடர் ஜப்பானின் ஃப்யூஜி டிவியில் 1989 ஏப்ரல் முதல் 1996 ஜனவரி வரை 291 எபிசோடுகளாக ஒளிபரப்பானது. கணினியில் வண்ணம் தீட்டும் முறை வருவதற்கு முந்தைய காலம் அது. ஓவியர் காகிதத்தில் பென்சிலால் வரைவார். அந்தக் கோடுகளை இயந்திரத்தின் வழியாக ‘செல்’ எனப்படும் கண்ணாடி போன்ற தாளுக்கு மாற்றுவார்கள். தாளின் பின்பக்கத்தில் வண்ணம் பூசுவார்கள். கையால் தீட்டிய பின்னணியின் மேல் அதை வைத்து, 16 மி.மீ. படச்சுருளில் ஒவ்வொரு பிரேமாகப் படம்பிடிப்பார்கள். அந்தச் சுருளில் ஒரு பிரேமின் அகலம் ஒரு சென்டிமீட்டர்தான். அவ்வளவு சிறிய இடத்தில் பதிந்த படத்தைப் பெரிய திரைக்கு விரிக்கும்போது படச்சுருளின் துகள்கள் கண்ணுக்குத் தெரியும். படத்தின் வடிவமும் அன்றைய தொலைக்காட்சிப் பெட்டியின் வடிவமே: அகலம் நான்கு பங்கு, உயரம் மூன்று பங்கு. துகள், வடிவம் இரண்டும் மூலப்பொருளின் இயல்புகள். பின்னால் வந்த பதிப்புகள் பலவும் இந்த இரண்டில் ஒன்றையோ இரண்டையுமோ குறையாகக் கருதிச் சரிசெய்யப் புறப்பட்டன. சிக்கல் தொடங்கியது அங்கேதான்.

ஜப்பானில் 2003-இல் டிராகன் பாக்ஸ் என்ற பெயரில் இரண்டு பெரிய டிவிடிப் பெட்டிகள் வெளியாயின. டோயேயின் கையில் இருந்த படச்சுருளிலிருந்து எடுத்த படம், முழு வடிவம், ஆங்கில சப்டைட்டில் கிடையாது. அமெரிக்காவில் உரிமை வைத்திருந்த ஃபனிமேஷன் நிறுவனம் (2022 முதல் அதன் பெயர் க்ரஞ்சிரோல்) 2007-இல் தன்னிடமிருந்த படச்சுருள்களைத் தானே ஸ்கேன் செய்து ஒன்பது சீசன்களாக வெளியிட ஆரம்பித்தது. அட்டையின் நிறத்தால் ரசிகர்கள் அவற்றை ‘ஆரஞ்சு செங்கல்’ என்று அழைக்கிறார்கள். அகலத்திரைத் தொலைக்காட்சிகள் வீடுகளுக்குள் நுழைந்துகொண்டிருந்த நேரம் அது. திரை முழுவதும் நிரம்ப வேண்டும் என்பதற்காகப் படத்தின் மேலும் கீழும் வெட்டி 16:9 வடிவத்துக்குக் கொண்டுவந்தார்கள். துகளை நீக்கினார்கள், வண்ணத்தை அழுத்தமாக்கினார்கள். எதிர்ப்பு எழுந்தது. 2009 முதல் 2011 வரை அதே நிறுவனமே டிராகன் பாக்ஸ் என்ற பெயரில், டோயேயின் ஜப்பானிய மாஸ்டரை வைத்து, முழு வடிவத்தில் ஏழு டிவிடித் தொகுப்புகளை வெளியிட்டது. அதன் பிறகு வந்த ப்ளூ-ரேக்களைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன். வெட்டு என்ற விஷயத்தை முதலில் முடித்துவிடலாம்.

கணக்கு எளிது. 4:3 படத்தின் அகலத்தை அப்படியே வைத்துக்கொண்டு 16:9 ஆக்க வேண்டுமானால் உயரத்தில் சரியாகக் கால் பங்கை எறிய வேண்டும். ஃபனிமேஷன் தரப்பில் ஒரு நியாயமான பதில் உண்டு. பழைய வெளியீடுகளில் மறைந்திருந்த படத்தின் ஓரங்கள் இந்த ஸ்கேனில் கொஞ்சம் கூடுதலாகத் தெரிகின்றன. உண்மைதான். ஆனால் பக்கவாட்டில் கிடைப்பது கீற்று, மேலும் கீழும் போவது பட்டை. இசட் போன்ற தொடரில் அந்தப் பட்டைகளில் என்ன இருக்கிறது என்று யோசித்துப் பாருங்கள். இது நின்றுகொண்டும் பறந்துகொண்டும் சண்டையிடும் மனிதர்களின் கதை. அதன் காட்சிகள் செங்குத்தாகக் கட்டப்பட்டவை. வானத்தில் நிற்பவன் எவ்வளவு உயரத்தில் நிற்கிறான் என்பது, அவன் காலடிக்குக் கீழே சின்னதாகத் தெரியும் தரையை வைத்துத்தான் நமக்குப் புரிகிறது. 1991-இல் வந்த 95-ஆவது எபிசோடில் நாயகன் கோகு முதன்முறையாக சூப்பர் சையனாக மாறுகிறான். அந்த மாற்றத்தின் அடையாளமே மேல்நோக்கி எழுந்து நிற்கும் பொன்னிற முடி. மேல்பக்கம் வெட்டினால் முதலில் போவது முடியின் நுனிகள். அண்மைக் காட்சியில் நெற்றிக்கு மேல் ஓவியர் விட்டிருந்த வெளி போய், முகம் சட்டத்துக்குள் நெரிசலாக அடைபடுகிறது. கீழே வெட்டினால் முகவாயும், தரையைத் தொடும் பாதமும் போகின்றன. இருவர் எதிரெதிரே நிற்கும் காட்சியில் இடைவெளியை அளந்துகொள்ள உதவும் தரை காணாமல்போகிறது.

2013-இன் கடைசி நாளில் வெளிவரத் தொடங்கிய சீசன் ப்ளூ-ரேக்களும் இதே 16:9 வெட்டைத்தான் கொண்டிருக்கின்றன. இந்த முறை ஒவ்வொரு ஷாட்டையும் பார்த்து, எங்கே வெட்டினால் இழப்பு குறையும் என்று தீர்மானித்ததாக நிறுவனம் விளக்கியது. ஆரஞ்சு செங்கலைவிட இது கவனமான வேலை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். தலை தேவைப்படும் இடத்தில் தலையை வைத்துக்கொண்டு காலை வெட்டியிருக்கிறார்கள். ஆனாலும் ஒவ்வொரு காட்சியிலும் எதை விட்டுவிடலாம் என்று யாரோ ஒருவர் தீர்மானிக்க வேண்டிய நிலை வந்தது என்பதே, விட்டுவிடக்கூடியது எதுவும் அங்கே சும்மா கிடக்கவில்லை என்பதற்குச் சாட்சி.

இந்த வெட்டுக்கு ஆதரவாக வரும் வாதங்களில் வலுவானது, டோயேயே வெட்டியிருக்கிறதே என்பது. இசட் திரைப்படங்கள் 4:3 செல்களில் வரையப்பட்டு, தியேட்டரில் மேலும் கீழும் மறைக்கப்பட்டு அகலத்திரையாகத் திரையிடப்பட்டன. 2009-இல் இசட்டின் இருபதாம் ஆண்டை ஒட்டி வந்த டிராகன் பால் காய் தொடரும் ஜப்பானியத் தொலைக்காட்சியில் 16:9 ஆகத்தான் ஒளிபரப்பானது. இரண்டும் உண்மை, ஆனால் இரண்டும் வெட்டை எதிர்ப்பவர்களுக்கே சாதகமாக முடிகின்றன. திரைப்படத்துக்கு வரையும்போது தியேட்டரில் எந்தப் பகுதி மறையும் என்று ஓவியர்களுக்கு முன்கூட்டியே தெரியும். முக்கியமானதை நடுப்பட்டைக்குள் வைத்து வரைவார்கள். வாரந்தோறும் வந்த தொலைக்காட்சித் தொடருக்கு அப்படியொரு மறைப்பு இருக்கவே இல்லை. சட்டத்தின் முழு உயரமும் அவர்களுக்கு வேலை செய்யும் இடம். காய் விஷயத்தில், ஒளிபரப்புக்கு வெட்டிய அதே டோயே, அதன் முதல் 98 எபிசோடுகளை வீட்டு வெளியீட்டுக்கு முழு 4:3 வடிவத்தில் கொடுத்தது. தொலைக்காட்சி நிலையத்தின் தேவை வேறு, காசு கொடுத்து வாங்கி வைத்துக்கொள்பவரின் தேவை வேறு என்பதை அவர்கள் புரிந்துவைத்திருந்தார்கள்.

திரையின் இருபக்கமும் கறுப்புப் பட்டை வருவது எரிச்சலாக இருக்கிறது என்பது இன்னொரு மறுப்பு. 1920 பிக்சல் அகலமுள்ள திரையில் 4:3 படம் 1440 பிக்சலை எடுத்துக்கொள்ளும். இருபுறமும் தலா 240 பிக்சல் கறுப்பாக இருக்கும். சில நிமிடங்களில் கண் அதை மறந்துவிடும். வெட்டுப்பட்ட படத்தில் போனது, எத்தனை நிமிடம் பார்த்தாலும் திரும்பி வராது. திரை நிரம்பியே ஆக வேண்டும் என்பவர் ரிமோட்டில் ஜூம் பொத்தானை அழுத்தி முழுப்படத்தை வெட்டிக்கொள்ளலாம். ஏற்கெனவே வெட்டி விற்ற டிஸ்க்கில் எதிர்த்திசையில் போக எந்தப் பொத்தானும் இல்லை.

வெட்டு எல்லோர் கண்ணிலும் படும். துகள்நீக்கம் அப்படியல்ல. பார்த்தவுடன் அது நல்லதாகவே தோன்றும், அதனால்தான் அதைப் பற்றி விரிவாகப் பேச வேண்டியிருக்கிறது. படச்சுருளின் துகள் ஒவ்வொரு பிரேமிலும் வேறு வேறு இடத்தில் இருக்கும். துகளை நீக்கும் மென்பொருள் அடுத்தடுத்த பிரேம்களை ஒப்பிட்டு, எது நிலையாக இருக்கிறதோ அதைப் படம் என்றும், எது மாறிக்கொண்டே இருக்கிறதோ அதைக் குப்பை என்றும் முடிவுசெய்கிறது. நடிகர்களை வைத்து எடுத்த படத்திலேயே இது ஆபத்தான முறை. கையால் வரைந்த அசைவுப்படத்தில் இன்னும் ஆபத்து. விநாடிக்கு 24 பிரேம் ஓடினாலும் ஓர் ஓவியத்தைப் பெரும்பாலும் மூன்று பிரேம்கள் வரை நிறுத்திவைப்பார்கள். சண்டை உச்சத்துக்குப் போகும்போது ஓவியங்கள் வேகமாக மாறும். வேகக்கோடுகளும், தெறிக்கும் கல்லும், மழைத்துளியும் ஓரிரு பிரேம்கள்தான் உயிரோடு இருக்கும். மென்பொருளின் கண்ணுக்கு அவையும் துகளும் ஒன்றே.

நிலைத்த காட்சியும் தப்புவதில்லை. வெஜிட்டாவின் முகம் திரையை நிரப்பும் அண்மைக் காட்சி எதையேனும் எடுத்துக்கொண்டு, கண்ணுக்குக் கீழே ஓடும் மெல்லிய சுருக்கக் கோட்டைப் பாருங்கள். டிராகன் பாக்ஸ் டிவிடியில் அந்தக் கோடு ஒரு முனையில் தடித்துத் தொடங்கி மறுமுனையில் மயிரிழையாக மெலிந்து முடியும். பென்சில் காகிதத்தைவிட்டு எழும்பிய இடம் தெரியும். துகள்நீக்கம் கடுமையாகச் செய்த பதிப்பில் கோட்டின் தடித்த பாதி மட்டும் மிஞ்சி, மெலிந்த பாதி கன்னத்தின் நிறத்தோடு கரைந்துவிடுகிறது. கரைந்ததை ஈடுகட்ட ஷார்ப்னஸைக் கூட்டும்போது புறக்கோடுகள் மட்டும் தடித்துக் கறுக்கின்றன. உள்ளே நுணுக்கம் இல்லாத, வெளியே பட்டையடித்த முகம் கிடைக்கிறது. பின்னணியில் கையால் தீட்டிய பாறையின் தூரிகைத் தடங்கள் மெழுகு பூசியதுபோல வழவழப்பாகிவிடுகின்றன.

இது வெறும் நுணுக்கப் பிரச்சினை அல்ல. இசட் தொடரை ஒரே கை வரையவில்லை. பாத்திர வடிவமைப்பே மினோரு மயேதாவிடமிருந்து கத்சுயோஷி நகாத்சுருவுக்குக் கைமாறியது. வாரத்துக்கு வாரம் வெவ்வேறு அசைவு மேற்பார்வையாளர்கள் பொறுப்பேற்றார்கள். தாதாயோஷி யாமாமுரோ மேற்பார்வையிட்ட எபிசோடின் கூர்மையான முகமும், நவோதோஷி ஷிதா கைபட்ட சண்டையின் நெளிவும் வேறு வேறு. தேர்ந்த ரசிகர்கள் பெயர்ப்பட்டியலைப் பார்க்காமலேயே யார் வரைந்தது என்று சொல்லிவிடுவார்கள். அந்த அடையாளம் கோட்டின் தடிப்பிலும் மெலிவிலும்தான் இருக்கிறது. கோட்டைச் சமன்படுத்தும் மென்பொருள் இத்தனை ஓவியர்களையும் ஒரே ஓவியராக்கிவிடுகிறது.

துகள் என்பது அந்தக் காலத் தொழில்நுட்பத்தின் குறைதானே, ஓவியர் அதை வரையவில்லையே என்று கேட்பவர்கள் உண்டு. மதிக்க வேண்டிய கேள்வி. ஓவியர் துகளை வரையவில்லைதான். துகளை மட்டும் தனியே பிரித்தெடுக்க முடியுமென்றால் எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் 16 மி.மீ. சுருளில் மெல்லிய கோடு என்று நாம் பார்ப்பதே துகள்களின் அடுக்குதான். இரண்டும் ஒரே அளவுடையவை. ஒன்றை முற்றிலும் துடைக்கும் எந்த முறையும் மற்றதையும் தொடாமல் விடாது. கீறல், தூசி, ஒட்டுப் போட்ட இடத்தில் படம் குதிப்பது ஆகியவை வேறு ரகம். அவற்றை நீக்குவது நல்ல வேலை, அதற்காகக் காசு கொடுக்கலாம். டிராகன் பாக்ஸிலேயே அவை பெருமளவு நீக்கப்பட்டிருக்கின்றன.

ப்ளூ-ரேயில் இதையெல்லாம் சரியாகச் செய்ய முடியாது என்று யாராவது சொன்னால் அதை மறுக்கக் கைவசம் ஆதாரம் இருக்கிறது. 2011 நவம்பரிலும் டிசம்பரிலும் ஃபனிமேஷன் ‘லெவல்’ என்ற பெயரில் இரண்டு ப்ளூ-ரேக்களை வெளியிட்டது. ஒவ்வொன்றிலும் 17 எபிசோடுகள். முழு 4:3 வடிவம், உயர் ரிசல்யூஷன், துகள் அப்படியே, பிரேம் பிரேமாகச் சுத்தம் செய்த படம். இந்தத் தொடர் இதைவிட நன்றாக எந்த அமெரிக்க வெளியீட்டிலும் தெரிந்ததில்லை. டிவிடியில் கூட்டமாகக் கலங்கிப்போகும் தொலைதூர முகங்கள் இதில் தனித்தனியே தெரிகின்றன. 16 மி.மீ. சுருளில் டிவிடி காட்டுவதைவிட அதிக விவரம் இருக்கிறது என்பதை இது நிரூபித்துவிட்டது. 2012 ஜனவரியில், பிரேம் பிரேமாகச் சீரமைப்பதில் உள்ள தொழில்நுட்பச் சிரமத்தைக் காரணம் காட்டி நிறுவனம் இதை நிறுத்திவிட்டது. 291-இல் 34 மட்டும் வந்தது. அடுத்து 2013-இல் வந்த சீசன் ப்ளூ-ரே அந்தச் சிரமத்தை வெட்டாலும் துகள்நீக்கத்தாலும் சுற்றிக்கொண்டு போனது. என் புகார் ப்ளூ-ரேயின் மேல் இல்லை. நன்றாகச் செய்யத் தெரிந்தும் செய்யாமல் விட்டதன் மேல்தான்.

2019-இல் வந்த முப்பதாம் ஆண்டுச் சிறப்புப் பதிப்பு வெட்டு விஷயத்தில் ரசிகர்களின் பேச்சைக் கேட்டது. படம் 4:3-க்குத் திரும்பியது. ஆனால் துகள்நீக்கம் குறையவில்லை. முன்னோட்டப் படங்கள் வந்தபோதே மெழுகு முகங்களைப் பற்றிப் புகார்கள் கிளம்பின. அதற்குப் பின்னால் ஸ்டீல்புக் உறைகளில் வந்த சீசன்களும் 4:3 வடிவம், வழவழப்பான படம் என்ற அதே பாதையில்தான் போகின்றன. வெட்டுப்பட்ட சீசன் ப்ளூ-ரேயையும் இதையும் பக்கத்தில் வைத்தால் இதுதான் மேல். காட்சியின் அமைப்பாவது முழுசாக இருக்கிறது.

டிராகன் பாக்ஸுக்கு வருகிறேன். முதல் ஆறு தொகுப்புகளில் தலா 42 எபிசோடு, ஏழாவதில் 39. ஒரு தொகுப்பில் ஆறு டிஸ்க்குகள். ஜப்பானிய ஒளிபரப்பில் இருந்த அடுத்த வார முன்னோட்டங்கள் உண்டு. வண்ணம் இதன் பெரிய பலம். சோதித்துப் பார்க்க எளிய இடம் பிக்கோலோவின் வெள்ளை மேலாடை. அதில் வெள்ளை வெள்ளையாக, நிழல் சாம்பலாக இருந்தால் வண்ணச் சமநிலை சரி என்று பொருள். நமெக் கிரகத்தின் பச்சை வானத்தின் கீழும் அந்த மேலாடையின் நிறம் தடுமாறக் கூடாது. டிராகன் பாக்ஸ் இதில் தேறுகிறது. ஆரஞ்சு செங்கலில் வண்ணங்கள் கூச்சலிடுகின்றன. கோகுவின் உடையில் ஆரஞ்சு அழுந்தி, மடிப்பின் நிழல் பிரிந்து தெரியாமல்போகிறது. டிராகன் பாக்ஸுக்குக் குறைகளும் உண்டு. டிவிடி என்பதால் 55 அங்குலத் திரையில் கிட்டே உட்கார்ந்தால் படம் மென்மையாகத்தான் தெரியும். தொலைவில் நிற்கும் உருவங்களின் முகம் கலங்கும். இன்டர்லேஸ்டு வீடியோ என்பதால் பிளேயர் சரியாகக் கையாளாவிட்டால் வேகமான அசைவில் சீப்புப் பல் போன்ற கோடுகள் வரும். எல்லாவற்றையும்விட, இது அச்சில் இல்லை. பழைய பொருள் சந்தையில்தான் கிடைக்கும், மலிவாகக் கிடைக்காது.

ஒலியில் எந்தப் பதிப்பும் மனநிறைவு தராது. ஜப்பானிய ஒலி எல்லா வெளியீடுகளிலும் படச்சுருளோடு ஒட்டிய ஒலித்தடத்தின் குறுகிய வீச்சோடு, போர்வைக்குள்ளிருந்து வருவதுபோல ஒலிக்கிறது. ஆங்கில டப்பிங்கைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு வேறொரு சங்கதி முக்கியம். ஷுன்சுகே கிகுச்சியின் மூல இசைக்குப் பதிலாக அமெரிக்க ஒளிபரப்பில் புரூஸ் ஃபால்கனரின் இசை சேர்க்கப்பட்டிருந்தது. அந்த இசை டிராகன் பாக்ஸில் இல்லை, சீசன் ப்ளூ-ரேயில் இருக்கிறது. அந்த இசை இல்லாமல் இசட்டை நினைத்துப் பார்க்க முடியாதவருக்கு என் பரிந்துரை பொருந்தாது. அவர் தயங்காமல் சீசன் ப்ளூ-ரேயை வாங்கலாம். படத்துக்காக வாங்குபவருக்குத்தான் நான் இதை எழுதுகிறேன்.

டிராகன் பால் காய் இருக்கும்போது இசட்டுக்கு ஏன் இவ்வளவு பாடு என்ற கேள்வியும் வரும். காய் ப்ளூ-ரேயின் படம் நன்றாக இருக்கிறது, வடிவமும் முழுசு. ஆனால் அது மறுதொகுப்பு. இசட்டின் முதல் 194 எபிசோடுகளின் கதையை 98-க்குள் அடக்கியது. குரல்கள் புதிதாகப் பதிவானவை, சில காட்சிகள் கணினியில் மறுபடி வரையப்பட்டவை. கதையை வேகமாகத் தெரிந்துகொள்ள அது போதும். 1989-இல் வந்த தொடர் அது இல்லை.

வேறு தொடர்களை வாங்குபவர்களும் இதே கேள்விகளைக் கேட்கலாம், பதில்கள்தான் மாறும். நியான் ஜெனிசிஸ் எவாஞ்சலியனின் 2015 ஜப்பானிய ப்ளூ-ரே வடிவத்தையும் துகளையும் காப்பாற்றியது. அங்கே படத்தின் தரம் பற்றித் தகராறே இல்லை. 2019-இல் நெட்ஃப்ளிக்ஸில் வந்தபோது ஜப்பானுக்கு வெளியே ‘ஃப்ளை மீ டு தி மூன்’ பாடல் காணாமல்போனதும், மொழிபெயர்ப்பும் டப்பிங்கும் மாறியதும்தான் விவாதமாயின. சைலர் மூனின் 2014 அமெரிக்க ப்ளூ-ரேயோ, பெயருக்கு உயர் ரிசல்யூஷன் என்றாலும் மங்கலான படத்துக்காகவே விமர்சிக்கப்பட்டது. ஸ்ட்ரீமிங்கை நம்பிவிடலாம் என்பவர்களுக்கும் எவாஞ்சலியனே பதில். உரிமை கைமாறும்போது பாடலும் போகும், குரலும் மாறும். கையில் இருக்கும் டிஸ்க் மாறாது.

நம் ஊரில் வாங்குபவர் கவனிக்க வேண்டியது ரீஜன் கோடு. அமெரிக்க டிவிடி ரீஜன் 1. இந்தியாவும் இலங்கையும் ரீஜன் 5, சிங்கப்பூரும் மலேசியாவும் ரீஜன் 3. ப்ளூ-ரேயில் அமெரிக்கா, ஜப்பான், சிங்கப்பூர், மலேசியா எல்லாம் ஏ பிரிவு. இந்தியாவும் இலங்கையும் சி பிரிவு. எல்லா ரீஜனையும் ஓட்டும் பிளேயர் கைவசம் இல்லாமல் டிராகன் பாக்ஸுக்குப் பணம் அனுப்பாதீர்கள். டிஸ்க் வந்த பிறகு தொலைக்காட்சியின் செட்டிங்கில் நாய்ஸ் ரிடக்ஷன், மோஷன் ஸ்மூத்திங் இரண்டையும் அணைத்துவிடுங்கள், ஷார்ப்னஸைக் குறையுங்கள், பட வடிவத்தை 4:3-இல் வையுங்கள். டிஸ்க்கில் பத்திரமாக வந்துசேர்ந்த கோட்டைத் தொலைக்காட்சிப் பெட்டியே அழித்துவிடக் கூடாது.

பழைய பொருளாக டிராகன் பாக்ஸ் உங்கள் வரவுசெலவுக்குள் கிடைத்தால் அதை வாங்குங்கள். ஏழையும் ஒரே நேரத்தில் வாங்க வேண்டியதில்லை, ஒவ்வொன்றாகச் சேர்க்கலாம். கிடைக்காவிட்டால் 4:3 ஸ்டீல்புக்கை எடுங்கள். லெவல் ப்ளூ-ரே இரண்டில் எது கண்ணில் பட்டாலும், 17 எபிசோடுதானே என்று பார்க்காமல் வாங்கிவிடுங்கள். ஆரஞ்சு செங்கல் எவ்வளவு மலிவாகக் கிடைத்தாலும் வேண்டாம். புதிய பதிப்பு ஏதாவது அறிவிக்கப்பட்டால், ஒரு முகத்தின் அண்மைக் காட்சியை முழு வடிவத்தில் அவர்கள் வெளியிடும் வரை முன்பதிவு செய்யாதீர்கள்.